முதலில் கழுவிய சீட்

அத்தியாயம் ஐந்து

சென்ற அத்தியாயத்தில் நாங்கள் நாலு நாள் தெருத்தெருவாகத் தேடிய கிளி, ஐந்தாம் நாள் தானாகவே கூண்டுக்குத் திரும்பிவிட்டது. அதைக் கண்டுபிடித்த பெருமை யாருக்கு என்பதில் எனக்கும் மச்சானுக்கும் இன்னும் தீர்ப்பாகவில்லை. கிளிக்குத்தான் என்பது என் கட்சி.

மச்சான் என்றால் என் மனைவியின் அண்ணன். துப்பறியும் நிபுணர் என்று வாசலில் பலகை மாட்டியிருப்பவர். நான் வேலை பார்த்த டயர் கம்பெனியை மூடியபோது, என் மனைவி என்னை ஒரு வார்த்தை கேட்காமல் அவரிடம் உதவியாளனாகச் சேர்த்துவிட்டாள். வீட்டில் தங்கைக்குப் பயப்படுகிறேன், வேலையில் அண்ணனுக்குப் பயப்படுகிறேன். பயணச் செலவு மிச்சம் என்பதைத் தவிர இதில் எனக்கு ஒரு சுகமும் இல்லை.

வெள்ளிக்கிழமை மதியம் இரண்டரை மணிக்கு நாங்கள் ஒரு லாண்டரியில் நின்றுகொண்டிருந்தோம். கீழே கடை, மேலே வீடு, பின்னால் கார் நிற்கும் கொட்டகை. கடைக்குள் ஆவியும் சோப்பு வாசனையும் முட்டிக்கொண்டிருந்தன. ஒரு பக்கச் சுவர் முழுக்க யார் யாருடைய கோட்டுகளோ தொங்கின. இன்னொரு பக்கம் நர்சிங் ஹோமிலிருந்து வந்த படுக்கை விரிப்புகள் மூட்டை மூட்டையாகக் கிடந்தன. மேஜைமேல் ஒரு தகர டப்பா. வாடிக்கையாளர்கள் பாக்கெட்டில் மறந்துவிட்ட சாவி, பேனா, பொத்தான், ஒற்றைத் தோடு எல்லாம் அதில்தான் கிடக்கும். டப்பாவுக்கு மேலே சுவரில் ஓர் அட்டை: டோக்கன் இல்லாமல் எதுவும் திருப்பித் தரப்படாது.

கடைக்குச் சொந்தக்காரி, நாற்பத்தைந்து வயது லாண்டரி அம்மா, அந்த அட்டையை வேதவாக்காக வைத்திருப்பவர். அவர் கணவர் நகரப் பேருந்து ஓட்டுகிறார். அந்தப் பஸ்காரர் தன் யூனிபார்மைக் கடையில் போட்டால் அவருக்கும் டோக்கன்தான். இருபது வருடமாக மனிதர் டோக்கனைக் கொடுத்துத்தான் தன் சட்டையைத் தானே வாங்கிப் போகிறாராம். இதைக் கேட்டதும் எனக்கு அவர்மேல் ஒரு சகோதர பாசம் வந்துவிட்டது.

லாண்டரி அம்மாவின் புகார் ஒரே வரியில் அடங்கியது. போன ஞாயிற்றுக்கிழமை கணவர் காரின் துணி சீட்டுகளைத் தானே கழுவியிருக்கிறார்.

"அவ்வளவுதானா?" என்று கேட்டேன்.

"அவ்வளவுதானாவா? குடிச்ச டம்ளரை இருபது வருஷத்துல ஒரு நாள் கழுவினதில்ல சார் அந்த மனுஷன். ஊர்க் கறையெல்லாம் எடுக்கிறவ நான் கீழ குத்துக்கல்லாட்டம் இருக்கேன். என்கிட்ட ஒரு வார்த்தை சொல்லாம, பின்பக்கம் போய்க் கள்ளத்தனமா கழுவியிருக்காருன்னா என்ன அர்த்தம்? பக்கத்து சீட்ல எவ உக்காந்தா?"

அர்த்தம் எனக்கு உடனே புரிந்துவிட்டது. மச்சானுக்குப் புரியவில்லை போலும், மேலே சொல்லச் சொன்னார்.

அம்மா விரலை மடக்கி மடக்கிச் சொன்னார். ஞாயிறு காலை டயருக்குக் காற்றடிக்கப் போன மனிதர் ஒன்றரை மணி நேரம் கழித்துத்தான் வந்தார். எங்கே போனீர்கள் என்று கேட்டால் ஞாபகம் இல்லை என்கிறார். அன்று முதல் வீட்டில் சூடாக எதையும் தொடுவதில்லை, வாயில் புண் என்கிறார், அதாவது எங்கோ நன்றாகச் சாப்பிட்டுவிட்டு வருகிறார். ஒரு நாள் லீவு போடாதவர் தோள் பிடித்துக்கொண்டது என்று வாரம் முழுக்க லீவு. பகலெல்லாம் தூக்கம். கார் சீட் ஏன் கழுவினீர்கள் என்றால் பக்கத்து சீட்டில் காபி கொட்டிவிட்டது என்கிறார். காருக்குள் மூன்று வாசனை அட்டைகள் வேறு புதிதாகத் தொங்குகின்றன.

"மூணா?" என்றேன். "ஒண்ணு அவளுக்குன்னா, மிச்சம் ரெண்டு யாருக்கு?"

மச்சான் என் காலை மிதித்தார்.

இன்று நாலு மணிக்குப் பஸ்காரர் மகளைக் காரில் கூட்டிக்கொண்டு கிளம்புகிறார். மூன்று மணி நேர நெடுஞ்சாலைப் பயணம், கல்லூரி விடுதியில் விடுவதற்கு. மகள் போனதும் தன் துணிமணியை எடுத்துக்கொண்டு அக்கா வீட்டுக்குப் போய்விடுவது என்று லாண்டரி அம்மா முடிவு செய்திருந்தார். பெட்டி கட்டியாகிவிட்டது. மேஜைக்குக் கீழே அது இருந்ததை நானும் பார்த்தேன். போவதற்குமுன் அந்தப் பெண் யார் என்று மட்டும் தெரிய வேண்டும், அதற்குத்தான் நாங்கள்.

"இருபது வருஷம் சார்," என்றார். குரல் கம்மிவிட்டது. "அந்த மனுஷன் பொய் சொல்லி நான் பார்த்ததே இல்ல."

அதற்கப்புறம் எனக்கும் கிண்டல் பண்ண மனசு வரவில்லை. ஒரு நிமிடத்துக்குத்தான்.

கொட்டகையில் கார் நின்றது. வெளிர் சாம்பல் நிறத் துணி சீட்டுகள். எல்லாக் கண்ணாடிகளும் இறுக ஏற்றியிருந்தன. அம்மா கொடுத்த மாற்றுச் சாவியால் கதவைத் திறந்ததும் எலுமிச்சையும் மல்லிகையும் ஏதோ கடற்காற்றும் சேர்ந்து என் மூக்கில் அறைந்தன. அந்த மூன்றுக்கும் அடியில் நாலாவதாக ஈரக் கோணி வாசனை ஒன்று. அம்மா எட்டிப் பார்த்துவிட்டுத் தலையில் அடித்துக்கொண்டார்.

"கழுவின லட்சணத்தைப் பாருங்க. முதல்ல தூசியை உறிஞ்சி எடுக்கணும். அப்புறம் நுரையை மட்டும் தொட்டுத் தேய்க்கணும். இவர் வாளித் தண்ணியை அப்படியே ஊத்தியிருக்கார். உள்ள தூசி இருக்கிறப்ப தண்ணி ஊத்தினா சேறுதானே ஆகும்?"

கணவர் துரோகம் செய்தது ஒரு பங்கு வருத்தம் என்றால், தொழிலை அவமானப்படுத்தியது இரண்டு பங்கு என்று எனக்குத் தோன்றியது. கடையில் ஆள் கூப்பிட, அவர் உள்ளே போனார்.

மச்சானுக்கு ஒரு பழக்கம் உண்டு. சம்பந்தப்பட்டவர் உட்கார்ந்த இடத்தில் தானும் கொஞ்ச நேரம் உட்கார்ந்தால்தான் அவருக்கு மூளை ஓடும். கிளி வழக்கில் கூண்டு சின்னதாக இருந்ததால்தான் தப்பித்தோம். இப்போது டிரைவர் சீட்டில் ஏறி ஸ்டியரிங்கைப் பிடித்துக்கொண்டு கண்ணை மூடிவிட்டார். நான் பக்கத்து சீட்டில் உட்கார்ந்து வேலையை ஆரம்பித்தேன். இரண்டே நிமிடத்தில் ஒரு நீளமான தலைமுடி கிடைத்தது.

"கேஸ் முடிஞ்சுது மச்சான்," என்றேன்.

அவர் ஒரு கண்ணை மட்டும் திறந்து பார்த்தார். "பாதி நரைச்சிருக்கு. இந்தம்மா தலையில இருக்கிறதுதான். அதைக் கீழ போடு. காபி எங்க?"

என் சீட்டின் ஓரத்தில் காபிக் கறை இருந்தது. உள்ளங்கை அகலம், விளிம்பு கத்தரித்த மாதிரி தெளிவாக. அதைச் சுற்றியிருந்த துணி சோப்பு காய்ந்து விறைப்பாக இருந்தது.

"மாப்ள, காபி கொட்டிடுச்சுன்னு ஒருத்தன் கார் முழுக்கக் கழுவறான். எல்லாம் கழுவி முடிச்ச பிறகு, காபி மட்டும் அப்படியே இருக்கு. எப்படி?"

யோசித்தேன். ரொம்ப நேரம் தேவைப்படவில்லை. "கழுவினதுக்கு அப்புறம்தான் காபி கொட்டியிருக்கு."

"கொட்டல. ஊத்தியிருக்கார். ஏன் கழுவினேன்னு பொண்டாட்டி கேட்டா காட்டுறதுக்கு ஒரு காரணம் வேணுமே."

இருபது வருடம் பொய் சொல்லாதவர் முதல் தடவை சொல்லும்போது இப்படித்தான் சொதப்புவார். தினமும் பயிற்சி வேண்டும். என்னைக் கேட்டிருந்தால் சொல்லிக் கொடுத்திருப்பேன்.

"இப்ப நாலு சீட்டையும் பாரு," என்றார். "எது ரொம்ப சுத்தம், எது அழுக்குன்னு வரிசையா சொல்லு."

இறங்கிச் சுற்றிவந்து பார்த்தேன். மச்சான் உட்கார்ந்திருந்ததுதான் பளிச்சென்று இருந்தது. நான் உட்கார்ந்திருந்தது அடுத்தபடி. அதற்குப் பின்னால் இருந்தது சுமார். டிரைவருக்குப் பின்னால் இருந்தது படுமோசம், கோடு கோடாகச் சேறு காய்ந்திருந்தது, கழுவாமல் விட்டிருந்தால் நன்றாக இருந்திருக்கும். கொட்டகை மூலையில் வாளி கிடந்தது. கவிழ்த்துக்கூட வைக்காத அந்த வாளியின் அடியில் ஒரு விரற்கடை சேறு. அதைப் பார்த்ததும்தான் எனக்கு விளங்கியது. டம்ளர் கழுவாத மனிதருக்கு, நடுவில் தண்ணீரை மாற்ற வேண்டும் என்பது எப்படித் தெரியும்? நாலு சீட்டையும் ஒரே வாளித் தண்ணீரில் முடித்திருக்கிறார். சீட் மாற மாறத் தண்ணீர் கறுத்திருக்கிறது. எதை முதலில் கழுவினார், எதைக் கடைசியில் கழுவினார் என்று சீட்டுகளே வரிசையாக எழுதிக்கொடுத்துவிட்டன.

"முதல்ல கழுவினது டிரைவர் சீட்," என்றேன்.

"அதைக் கழுவினதும் அது மட்டும் வெளுத்துப் போய்த் தனியாத் தெரிஞ்சிருக்கும். பயந்துபோய் அடுத்ததைக் கழுவியிருக்கார். அப்புறம் அதுக்குப் பின்னாடி இருக்கிறதை. பாவம், ஒரு சீட்டை மறைக்க மூணு சீட்டு."

"அப்ப பக்கத்து சீட்ல யாரு உக்காந்தா?"

"யாருமே உக்காரல. அந்தப் பெண்ணே கிடையாது மாப்ள."

எனக்கு ஏமாற்றமாகத்தான் இருந்தது. மூன்று வாசனை அட்டைக்கு நான் மனதுக்குள் ஒரு கதையே கட்டிவைத்திருந்தேன். அதற்குள் மச்சான் சீட்டை ஆராய்ந்துகொண்டே பேசினார். மடியில் ஏதாவது கொட்டினால் முன்விளிம்பு வழியாக ஓடும், தரைவிரிப்பில் சொட்டும், ஸ்டியரிங்கில் தெறிக்கும். அங்கெல்லாம் தண்ணீரே படவில்லை, பழைய தூசி அப்படியே இருக்கிறது. தேய்த்த அடையாளம் முழுக்கச் சீட்டின் நட்ட நடுவில், ஆள் உட்காருகிற பள்ளத்தில்தான். இதைச் சொல்லிவிட்டுக் கீழே இறங்கினார்.

அவர் பேண்ட்டின் பின்பக்கம் ஒரு பெரிய வட்டத்துக்கு நனைந்திருந்தது.

என்னை அடக்கிக்கொள்ள முடியவில்லை. பதினாலு வருடமாக என்னை அதட்டுகிற மனிதர், பால்வாடிக் குழந்தை மாதிரி நின்றால் சிரிக்காமல் என்ன செய்வது? என் பேண்ட்டைத் தொட்டுப் பார்த்தேன், காய்ந்த இலை மாதிரி இருந்தது. கதவைப் பிடித்துக்கொண்டு கண்ணில் நீர் வரச் சிரித்தேன்.

மச்சான் கோபிக்கவில்லை. கையைப் பின்னால் கொண்டுபோய்த் தொட்டுப் பார்த்தார், விரலை முகர்ந்தார், முகம் மாறிப்போனது.

"அஞ்சு நாளாச்சு. பஞ்சுக்குள்ள இன்னும் ஈரம் இருக்குன்னா எவ்வளவு தண்ணி ஊத்தியிருக்கணும். வாசனை வெளிய போயிடக் கூடாதுன்னு கண்ணாடியை ஏத்தியே வெச்சிருக்கார், அப்ப எப்படிக் காயும்? மணி என்ன மாப்ள?"

"மூணு நாற்பது."

"நாலு மணிக்கு இந்த வண்டி கிளம்பக் கூடாது. அந்தம்மாவைக் கூப்பிடு."

நான் ஓடினேன். எதற்கு ஓடுகிறேன் என்று தெரியாமல்தான் ஓடினேன், ஆனால் அந்தக் குரலை நான் அதற்குமுன் கேட்டதில்லை.

லாண்டரி அம்மா ஒரு வெள்ளைத் துணியோடு வந்தார். மச்சான் அவரிடம் எதையும் விளக்கவில்லை. டிரைவர் சீட்டைக் காட்டி, அந்தத் துணியை அதன்மேல் வைத்து இரண்டு கையாலும் அழுத்தச் சொன்னார். காரை ஓட்டத் தெரியாத அந்த அம்மா, இந்த ஐந்து நாளும் பக்கத்து சீட்டைத்தான் குடைந்திருக்கிறார், இந்தப் பக்கம் வந்ததே இல்லை. உடம்பு பாரத்தையெல்லாம் கொடுத்து அழுத்தினார். துணியை எடுத்தார். அதில் லேசான மஞ்சள் இறங்கியிருந்தது. மூக்கருகே கொண்டுபோனார்.

தினமும் காலையில் நர்சிங் ஹோம் விரிப்புகளைப் பிரித்துப் போடுகிற கை அது. அவருக்கு இன்னொரு தடவை முகர வேண்டியிருக்கவில்லை.

"எனக்கு டாக்டர் படிப்பு இல்லம்மா," என்றார் மச்சான் மெதுவாக. "சீட்டைத்தான் படிக்கத் தெரியும். சூடா ஏன் சாப்பிட முடியல? நாக்கைக் கடிச்சிருக்கலாம். தோள் ஏன் வலிக்குது? உடம்பு வெட்டி இழுத்திருக்கலாம். எங்க போனீங்கன்னு கேட்டதுக்கு ஞாபகம் இல்லன்னாரே, அது நிஜமாவே ஞாபகம் இல்லாம இருந்திருக்கலாம்."

உலகத்தில் எந்தப் புருஷனும் அந்தப் பதிலைச் சொல்லித் தப்பித்ததில்லை. இவர் சொன்ன ஒரே உண்மை அதுதான், அதைத்தான் யாருமே நம்பவில்லை. நானும்தான்.

"வலிப்பா?" என்றார் அம்மா. எங்களைப் பார்த்துக் கேட்கவில்லை. பிறகு, "மூணு மணி நேரம், ஹைவேயில. பக்கத்துல எம் பொண்ணு," என்றார். அப்படியே டிரைவர் சீட்டில் உட்கார்ந்துவிட்டார். ஈரத்தைப் பற்றி அவர் கவலைப்படவில்லை.

படியில் செருப்புச் சத்தம் கேட்டது. பஸ்காரர் மகளின் பெட்டியைத் தோள் வலிக்காத பக்கத்துக் கையில் தூக்கிக்கொண்டு வந்தார். பின்னால் மகள், காதில் பாட்டோடு. பஸ்காரர் கட்டுமஸ்தான ஆள், நன்றாக வாரிய தலை. எங்களைப் பார்த்ததும் புருவத்தைத் தூக்கினார். கார் வாங்க வந்திருக்கிறோம் என்று நான் ஆரம்பித்தேன். என்னை யாரும் சட்டை செய்யவில்லை.

"எந்திரி, நேரமாச்சு," என்றார் மனைவியிடம்.

"நாக்கை நீட்டு."

"என்னது?"

"நாக்கை நீட்டுன்னு சொன்னேன்."

இருபது வருடத்தில் அந்த அம்மா அவரை ஒருமையில் பேசியது அதுதான் முதல் தடவை என்று பிறகு மகள் சொன்னாள். மனிதர் மகளைப் பார்த்தார், எங்களைப் பார்த்தார், மனைவியின் கையிலிருந்த வெள்ளைத் துணியைப் பார்த்தார். பெட்டியைக் கீழே வைத்தார். நாற்பது பயணிகளை ஏற்றிக்கொண்டு ஊரையே சுற்றுகிற ஆள், டாக்டர் முன்னால் நிற்கும் சின்னப் பிள்ளையாக நாக்கை நீட்டினார். ஓரத்தில் கருநீலமாகப் பல் பதிந்த தழும்பு. மகள் காதிலிருந்ததைக் கழற்றினாள்.

பஸ்காரர் சொன்னது கொஞ்சம்தான். காற்றடித்துவிட்டு, கிளம்புவதற்காக உள்ளே உட்கார்ந்தது ஞாபகம் இருக்கிறது. விழித்தபோது கார் நின்ற இடத்திலேயே நின்றது, உட்கார்ந்த இடம் நனைந்திருந்தது. நடுவில் எவ்வளவு நேரம் போனது என்று தெரியாது. இதற்குமுன் வந்ததே இல்லை, இனியும் வராது என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டிருக்கிறார்.

"வெளிய சொன்னா லைசென்ஸ் போயிடும்," என்றார். "திங்கக்கிழமை ட்யூட்டி. ஓட்டுறதை விட்டா எனக்கு வேற என்ன தெரியும்?"

"கழுவத் தெரியும்னு நெனச்சியா?" என்றார் அம்மா. அழுதுகொண்டேதான் கேட்டார். "வாளித் தண்ணியை ஊத்தியிருக்கே. ஊர் பேர் தெரியாதவங்க நனைச்சதையெல்லாம் முகம் சுளிக்காம தொவைக்கிறேன். உன்னுதைத் தொவைக்க மாட்டேனா நான்?"

பஸ்காரர் தலையைக் குனிந்துகொண்டு காரின் கதவைப் பிடித்தபடி நின்றார், தோள் குலுங்கியது. மகள் போய் அவர் கையைப் பிடித்துக்கொண்டாள். நான் மூக்கை உறிஞ்சிக்கொண்டேன். மூன்று வாசனை அட்டைகளின் வேலையாகத்தான் இருக்க வேண்டும்.

அம்மா எழுந்து வந்து கையை நீட்டினார். கணவர் சாவியைக் கொடுத்தார். மச்சானிடமும் மாற்றுச் சாவியை வாங்கிக்கொண்டு, இரண்டையும் கடைக்குள் எடுத்துப்போனார். நாங்கள் எல்லோரும் பின்னாலேயே போனோம். ஒற்றைத் தோடும் பொத்தான்களும் கிடக்கும் அந்தத் தகர டப்பாவில் சாவிகளைப் போட்டு மூடினார். பிறகு டோக்கன் கட்டிலிருந்து ஒன்றைக் கிழித்தார். எண்ணை எழுதிக் கணவரின் சட்டைப் பையில் செருகினார்.

"இப்பவே ஆஸ்பத்திரிக்குப் போறோம். டாக்டர் எப்ப ஓட்டலாம்னு சொல்றாரோ, அப்ப இதைக் கொண்டாந்து குடுத்து வாங்கிக்க."

"ஓட்டவே கூடாதுன்னு சொல்லிட்டா?"

அம்மா சுவரோரம் கிடந்த விரிப்பு மூட்டைகளைக் காட்டினார். "வந்து மூணாவது மூட்டையைப் பிரி, எப்படித் தொவைக்கிறதுன்னு நான் சொல்லித் தரேன்," என்றார்.

மகள் விடுதிக்குப் போன் செய்து திங்கட்கிழமை வருவதாகச் சொன்னாள். நான் டாக்சி பிடிக்க ஓடினேன். திரும்பி வந்தபோது, மேஜைக்குக் கீழே இருந்த பெட்டியை அம்மா திறந்து, ஆஸ்பத்திரியில் கணவர் போர்த்திக்கொள்ள ஒரு போர்வையைத் தன் புடவைகளுக்கு அடியிலிருந்து உருவிக்கொண்டிருந்தார். அக்கா வீட்டுக்கு எடுத்துப்போகக் கட்டிய பெட்டியில் அந்த மனிதரின் போர்வை எதற்கு இருந்தது என்று கேட்க என் நாக்கு துறுதுறுத்தது. மச்சான் என் காலை மிதிக்கவே இல்லை, நானாகத்தான் வாயை மூடிக்கொண்டேன்.

டாக்சி கிளம்பியதும் நாங்கள் நடந்தோம். மச்சான் நனைந்த பேண்ட்டை மறைக்கச் சட்டையைக் கீழே இழுத்து இழுத்து விட்டுக்கொண்டு நடந்தார். நான் அவருக்குப் பின்னால், யாரும் பார்க்காதபடி ஒட்டிக்கொண்டு போனேன். கிண்டலைத் தெருக்கோடி வரைக்கும் ஒத்திவைத்தேன்.